காது கேளாதவர்களிடமும் கேட்டிருக்கலாம்

ஆசிரியருக்கு வணக்கம்.

காது கேட்க உதவுவதற்காக அறுவை சிகிச்சை செய்து உள்காதில் வைக்கும் காக்ளியர் கருவி பொருத்தப்பட்ட குழந்தைகளைப் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். மருத்துவர் பேசியிருந்தார், பேச்சுப் பயிற்சி கொடுப்பவர் பேசியிருந்தார், இரண்டு தாய்மார்கள் கண்ணீரோடு பேசியிருந்தார்கள். பிறவியிலேயே காது கேளாமல் வளர்ந்து, வேலைக்குப் போய், குடும்பம் நடத்துகிற ஒருவரிடம்கூட உங்கள் நிருபர் பேசவில்லை. என் குறை அதுதான்.

எனக்குக் காது நன்றாகவே கேட்கும். என் கொழுந்தனாருக்கும் அவர் மனைவிக்கும் கேட்காது. மதுரையில் எங்களுக்கு அடுத்த தெருவில் இருக்கிறார்கள். கல்யாணமாகி வந்த பிறகுதான் நான் சைகை மொழி பழகினேன். ஓரகத்தியும் அவள் தோழிகளும் வேகமெடுத்துப் பேசினால் இன்றைக்கும் எனக்குப் பாதிதான் பிடிபடும்.

'நிசப்த உலகம்' என்று கட்டுரையில் வருகிறது. அவர்கள் வீட்டுச் சமையலறைப் பக்கம் வந்து பார்க்க வேண்டும். பாத்திரம் உருளுகிற சத்தம் தெரு முனைவரை வரும். சத்தம் வருவதே அவர்களுக்குத் தெரியாதே! காலிங் பெல்லை அழுத்தினால் ஹாலில் பல்பு மின்னும். ஒருவரைக் கூப்பிட வேண்டுமென்றால் தோளைத் தொடலாம், மேசையைத் தட்டலாம், லைட்டை ஒருமுறை அணைத்துப் போடலாம். நாற்காலிகளை வட்டமாகத்தான் போடுவார்கள், எல்லார் முகமும் தெரிய வேண்டும். இரண்டு பேர் பேசிக்கொண்டிருக்கும்போது நடுவே போக வேண்டியிருந்தால் குனிந்து, நின்று, மன்னிப்புக் கேட்டு அமர்க்களப்படுத்தக் கூடாது. பேசாமல் கடந்து போய்விட வேண்டும். அதுதான் அங்கே மரியாதை.

அவர்கள் வட்டாரத்துக் கல்யாணத்துக்குப் போனால் இன்னும் நன்றாகப் புரியும். கைதட்டலுக்குப் பதில் இரண்டு கைகளையும் மேலே தூக்கி விரல்களை அசைப்பார்கள், மண்டபமே அசைவது போலிருக்கும். சாப்பாடு முடிந்தும் ஒருவரும் கிளம்ப மாட்டார்கள். வேலை செய்கிற இடத்தில் நாள் முழுக்கத் தன் மொழியில் பேச ஆள் கிடைக்காதவர்கள், கூடினால் எழுந்து போவார்களா? மண்டபத்துக்காரர் பொறுத்துப் பார்த்துவிட்டு விளக்கை அணைத்தால் கூட்டம் அப்படியே வாசலுக்கு நகர்ந்து தெருவிளக்குக்குக் கீழே நிற்கும்.

அந்தக் கூட்டத்தில் ஒவ்வொருவருக்கும் ஒரு சைகைப் பெயர் உண்டு. நாமே வைத்துக்கொள்ள முடியாது, அவர்கள்தான் பார்த்து வைப்பார்கள். என் பெயர், மூக்குத்தி இருக்கும் இடத்தில் ஒரு விரலை வைப்பது. கொஞ்ச நாள் கழித்துப் பார்த்தால் கன்னத்தை உப்பிக் காட்டி 'குண்டாகிவிட்டாய்' என்பார்கள். அதில் இளக்காரம் இல்லை, பார்த்ததைச் சொல்கிறார்கள். நம் சொந்தக்காரர்கள் மட்டும் என்ன, சொல்லாமல் விடுகிறார்களா?

சைகை மொழி என்றால் தமிழைக் கையால் காட்டுவது என்று பலரும் நினைக்கிறார்கள். இந்திய சைகை மொழி தனி மொழி, தனி இலக்கணம். 'வந்தாயா' என்று கேட்க புருவம் உயர வேண்டும். முகம் அசையாமல் கை மட்டும் அசைந்தால் அது பாதிப் பேச்சு. ஊருக்கு ஊர் சைகைகள் கொஞ்சம் மாறினாலும், என் கொழுந்தனார் டெல்லிக்குப் போனால் அங்கிருக்கும் காது கேளாதவர்களோடு உட்கார்ந்து ஊர்க்கதை பேசிவிட்டு வருகிறார். கூடப் போகும் என் கணவர்தான் இந்தி தெரியாமல் ஆட்டோக்காரரிடம் திண்டாடுவார்.

இந்த மொழியை ஒழிக்கப் பார்த்த வரலாறும் உண்டு. 1880இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய ஆசிரியர் மாநாடு, காது கேளாத குழந்தைகளுக்குப் பேச்சு வழியாக மட்டுமே கற்பிக்க வேண்டும், சைகை கூடாது என்று தீர்மானம் போட்டது. ஓட்டுப் போட்டவர்களில் ஏறக்குறைய எல்லாருமே காது கேட்பவர்கள். அதன் நிழல் நம் ஊர்ப் பள்ளிகள் வரை நீண்டது. கை அசைத்ததற்காக ஸ்கேலால் அடி வாங்கியவர்கள் என் கொழுந்தனாரின் நண்பர்களிலேயே இருக்கிறார்கள். உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள் என்பார்களாம். 'படி', 'மடி' இரண்டையும் சத்தமில்லாமல் கண்ணாடி முன் சொல்லிப் பாருங்கள். உதடு இரண்டுக்கும் ஒரே மாதிரிதான் அசையும். 2010இல் வான்கூவரில் கூடிய அதே மாநாடு அந்தப் பழைய தீர்மானத்துக்கு வருத்தம் தெரிவித்தது. இடையில் போனது 130 ஆண்டு.

சரி, கருவி விஷயத்துக்கு வருகிறேன். முதல்வரின் காப்பீட்டுத் திட்டத்தில் நம் மாநிலத்துச் சிறு குழந்தைகளுக்கு இந்த அறுவை சிகிச்சை இலவசமாகக் கிடைப்பது பெரிய காரியம், அதை நான் குறை சொல்லவில்லை. ஆனால் அறுவை சிகிச்சை முடிந்த மறுநாளே குழந்தை 'அம்மா' என்று பேசிவிடாது. ஆண்டுக்கணக்கில் பயிற்சி வேண்டும். குளிக்கும்போதும் தூங்கும்போதும் காதுக்கு வெளியே மாட்டியிருக்கும் பாகத்தைக் கழற்றினால் மறுபடி ஒன்றும் கேட்காது. எல்லாக் குழந்தைக்கும் ஒரே அளவு பலன் கிடைப்பதும் இல்லை. இவ்வளவு இருக்க, 'சைகை காட்டாதீர்கள், குழந்தை பேசப் பழகாது' என்று பெற்றோருக்கு யோசனை சொல்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். உங்கள் கட்டுரையிலும் ஒரு வரி அந்தத் தொனியில்தான் இருக்கிறது. பேச்சு வரும் வரும் என்று காத்திருக்கும் ஆண்டுகளில்தான் குழந்தையின் மூளை மொழியைப் பிடிக்கிறது. அப்போது பேச்சும் வராமல் சைகையும் இல்லாமல் போனால், பின்னால் எந்த மொழியைக் கற்பதும் பெரும்பாடு. கருவியும் இருக்கட்டும், சைகையும் இருக்கட்டும். பசி என்று சொல்ல, பயம் என்று சொல்ல, ஏன் என்று கேட்க அந்தப் பிள்ளைக்கு இன்றைக்கே ஒரு வழி வேண்டாமா?

இப்படிப்பட்ட குழந்தைகள் பெரும்பாலும் காது கேட்கும் பெற்றோருக்குத்தான் பிறக்கிறார்கள். தங்கள் பிள்ளை வளர்ந்தால் எப்படி இருப்பான் என்று அந்தப் பெற்றோர் பார்த்ததே இல்லை. அவர்கள் கண்ணில் படுவது மருத்துவமனை வராந்தா மட்டும்தான். வளர்ந்து ஆளான ஒருவரை உங்கள் பத்திரிகை காட்டியிருந்தால் பாதி பயம் போயிருக்கும். நம் மதுரைப் பெண் ஜெர்லின் அனிகா 2022இல் பிரேசிலில் நடந்த, காது கேளாதவர்களுக்கான ஒலிம்பிக் போன்ற டெஃப்லிம்பிக்ஸ் போட்டியில் பேட்மிண்டனில் 3 தங்கம் வென்றார். அங்கே போட்டியில் காதுக்கருவி எதையும் மாட்டக் கூடாது என்பதே விதி. 2023இல் சாரா சன்னி என்ற காது கேளாத வழக்கறிஞர் சைகை மொழிபெயர்ப்பாளர் உதவியோடு உச்ச நீதிமன்றத்தில் வாதாடினார். இப்படிப் பெயர் வாங்கியவர்களாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. தையல் கடையிலும் அச்சகத்திலும் இருப்பவர்களிடம் பேசினாலும் போதும்.

அப்படிப் பேசப் போனால் சில விஷயங்களை நிருபரிடம் சொல்லி அனுப்புங்கள். முறையாகப் பயின்ற மொழிபெயர்ப்பாளரைக் கூட்டிப் போகட்டும், அவருக்கான பணத்தைப் பத்திரிகையே கொடுக்கட்டும். வீட்டில் காது கேட்கும் பிள்ளை இருந்தால் அதை இழுத்து நடுவில் நிறுத்த வேண்டாம். வங்கியிலும் ஆஸ்பத்திரியிலும் பெரியவர்கள் விவகாரத்தைச் சொல்லிச் சொல்லியே என் ஓரகத்தி மகள் களைத்துப் போயிருக்கிறாள். கேள்வி கேட்கும்போது நிருபர் மொழிபெயர்ப்பாளரைப் பார்க்காமல் பேசுகிறவர் முகத்தைப் பார்க்க வேண்டும். ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்காரக் கூடாது, முகம் இருட்டடிக்கும். அப்புறம், அரை மணி நேரத்தில் முடித்துவிடலாம் என்ற கணக்கோடு போக வேண்டாம். காபி வரும், முறுக்கு வரும், வாசல்வரை வந்தும் பேச்சு முடியாது.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
மதுரை.