ஒலி அறுந்தால் படம் இல்லை

ஆசிரியருக்கு வணக்கம்.

இசைக் கலைஞர்கள் பற்றிய ஆவணப்படங்களைக் குறித்து ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரை கேமரா, லென்ஸ் பற்றி விரிவாகப் பேசியது. ஒலிப்பதிவுக்கு ஒரே ஒரு வரிதான். இசைப் படத்தில் முதலில் கெடுவது ஒலிதான் என்பதால் இதை எழுதுகிறேன்.

1967 ஜூனில் கலிபோர்னியாவில் நடந்த மான்டரே இசை விழாவை அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் டி.ஏ. பென்னிபேக்கர் படமாக்கினார். ரவிசங்கரின் சிதார், அல்லா ரக்காவின் தபலாவோடுதான் அந்தப் படம் நிறைகிறது. அந்தப் பகுதி கால் மணி நேரத்துக்கு மேல் ஓடும். தொடக்கத்தில் நெடுநேரம் கூட்டத்தின் முகங்களைத்தான் பார்க்கிறோம். வாசிப்பு மட்டும் கேட்டுக்கொண்டே இருக்கும். 16 எம்.எம். கேமராவில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதற்காக ராகம் நிற்காது. ஒலி முழுசாக இருந்தால் காட்சியில் விழும் ஓட்டையை ரசிகர் முகத்தைக் கொண்டு அடைக்கலாம். ஒலியில் விழும் ஓட்டையை எதைக் கொண்டும் அடைக்க முடியாது.

நம் ஊரில் நாகஸ்வரக் கச்சேரியைப் படம் பிடிப்பவர்கள் பலர் ஒலியளவைத் தானாகவே கூட்டிக் குறைக்கும் கேமராவின் ஆட்டோ கெயினை அணைப்பதில்லை. தவிலில் பலத்த அடி விழுந்ததும் அது மொத்த ஒலியையும் கீழே அமுக்கும். அடி ஓய்ந்ததும் சுருதிப்பெட்டியின் ஒலி பொங்கி எழும். இந்த ஏற்ற இறக்கத்தைப் பிறகு எந்த மென்பொருளாலும் முழுதாகச் சரிசெய்ய முடியாது. அளவைக் கையால் வையுங்கள். தவிலின் உச்ச அடி ஒலிமானியில் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டக் கூடாது. ஒத்திகையில் வைத்த அளவை நம்ப வேண்டாம், மேடையில் தவில் இன்னும் ஓங்கும்.

நாகஸ்வரத்தின் ஒலி அணசு எனும் விரிந்த கீழ்முனை வழியாக மட்டும் வருவதில்லை, திறந்த துளைகள் வழியாகவும் வருகிறது. அணசுக்கு நேரே மைக்கை வைத்தால் காதைக் கிழிக்கும். மூன்று நான்கு அடி தள்ளி, சற்றே மேலே, துளைகளைப் பார்த்து வைத்தால் குழைவு பிடிபடும். தவிலுக்கு, விரலால் வாசிக்கும் வலந்தலைக்கு ஒன்று, கழியால் அடிக்கும் தொப்பிக்கு ஒன்று என இரண்டு மைக் வேண்டும்.

ஒலிப்பதிவுக் கருவியின் மாதிரி வீதத்தை (ஒரு நொடியில் ஒலியை எத்தனை முறை அளந்து பதிகிறது என்பதை) 48 கிலோஹெர்ட்ஸில் வையுங்கள். 44.1-இல் பதிந்ததை எடிட்டிங்கில் 48 என்று தவறாக எடுத்துக்கொண்டால் சுருதி ஏறத்தாழ முக்கால் கட்டை ஏறும், காலப்பிரமாணமும் (வேகமும்) கூடும். கேமராவும் ஒலிப்பதிவுக் கருவியும் தனித்தனிக் கடிகாரத்தில் ஓடுவதால் ஒரு மணி நேரத்தில் இரண்டு பிரேம் விலகுவது சாதாரணம். பேச்சில் அது தெரியாது. தவிலில் கழி விழுவதற்கு முன்பே சத்தம் கேட்கும். ஆகவே தொடக்கத்தில் மட்டுமல்ல, முடிவிலும் ஒரு முறை கை தட்டிப் பதிய வேண்டும்; படத்தையும் ஒலியையும் பொருத்த அது உதவும்.

எடிட்டிங்கில், தாளம் போடத் தெரிந்த ஒருவரைப் பக்கத்தில் உட்கார வையுங்கள். ஆவர்த்தனத்தின் (தாளத்தின் ஒரு முழுச் சுற்றின்) நடுவில் வெட்டினால் அடுத்த எடுப்பு தடுமாறும். வர்ணனையை, தவில் மட்டும் தனியே வாசிக்கும் தனி ஆவர்த்தனத்தின் மேல் போடவே வேண்டாம். கலைஞர் பேசும் இடத்தில் போட்டுக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
ஓர் ஒலிப்பதிவாளர், தஞ்சாவூர்