கலாத்தியா விரிகுடாவின் கரையோரக் காட்டை விட்டுவிடுங்கள்

மத்திய சுற்றுச்சூழல், வனம், காலநிலை மாற்ற அமைச்சகத்துக்கும் அதன் நிபுணர் மதிப்பீட்டுக் குழுவுக்கும்,

வணக்கம். கிரேட் நிக்கோபார் தீவின் கலாத்தியா விரிகுடாவில் துறைமுகம், அதோடு தீவில் விமான நிலையம், நகரியம், மின்நிலையம் என்று 130.75 சதுர கி.மீ. காட்டை வேறு பயன்பாட்டுக்குத் திருப்பிவிட 2022இல் ஒப்புதல் தந்தீர்கள். ஈடாக ஹரியானாவில் மரம் நடுவதாகச் சொல்கிறீர்கள். ஹரியானா மரத்தின் சருகு, நிக்கோபார் மெகாபோட் பறவையின் முட்டைக்கு எப்படிச் சூடு கொடுக்கும்?

நிக்கோபார் தீவுகளைத் தவிர வேறெங்கும் இல்லாத இந்தப் பறவை அடைகாப்பதில்லை. கடற்கரையை ஒட்டிய காட்டோரத்தில் மணல், பவளத்துண்டு, சருகு, மட்கிய குச்சி எல்லாவற்றையும் காலால் சீய்த்துச் சீய்த்து மேடு கட்டுகிறது. முட்டையை அதற்குள் புதைத்துவிடுகிறது. சருகு மட்கும்போது எழும் சூட்டில்தான் குஞ்சு பொரிக்கும். பொரித்த குஞ்சு தானே மண்ணைக் கிளறி வெளியே வந்து, தானே பிழைத்துக்கொள்ளும். மேலே நிழல் போனால் மேடு காய்ந்துவிடும். காய்ந்த சருகு மட்காது. மட்காத மேட்டில் சூடு பிறக்காது. மேட்டைத் தொடாமல் சுற்றியுள்ள மரங்களை மட்டும் வெட்டினாலும் அதே கதிதான். அதே மேட்டை மண்வெட்டியால் அள்ளி வேறிடத்தில் கொட்டினால், அது வெறும் மண்குவியல். 2004 சுனாமியில் பெரும்பகுதியை இழந்த இனம் இது. திட்டப் பகுதியில் உள்ள 51 மேடுகளில் சுமார் 30 நிரந்தரமாக அழியும் என்று உங்கள் குழுவின் பதிவே சொல்கிறது. அதைப் படித்த பிறகும் ஒப்புதல் வந்ததுதான் எங்களுக்கு வலிக்கிறது.

நமது மீனவர்கள் ஏழுவரி ஆமை என்று சொல்லும் தோல்முதுகு ஆமைக்கும் கலாத்தியா கரை முக்கியமான முட்டையிடும் இடம். 2021இல் இங்கிருந்த சரணாலயத்தின் அந்தஸ்து நீக்கப்பட்டது. அதே ஆண்டு வந்த தேசியக் கடல் ஆமைச் செயல்திட்டம் இதே விரிகுடாவை முக்கிய வாழிடம் என்கிறது. துறைமுகத்துக்கான அலைதடுப்புச் சுவர் எழுந்தால் மணல் ஓட்டம் மாறி, ஒரு பக்கம் கரை அரிக்கும், மறுபக்கம் மேடு தட்டும். முட்டை பொரிக்க ஏறத்தாழ இரண்டு மாதம் ஆகும். அதற்குள் கரை அரித்தால் முட்டைகள் கடலோடு போகும். தப்பிப் பொரித்த குஞ்சுகளோ துறைமுக விளக்கை நோக்கி ஊரும்.

ஆகவே, மேடுகள் உள்ள கரையோரக் காட்டில் மரம் வெட்டும் அனுமதியை உடனே ரத்து செய்யுங்கள். துறைமுகத்தின் இடத்தை மறுபரிசீலனை செய்யுங்கள். அதுவரை ஒரு மரமும் விழக்கூடாது. நவம்பர் முதல் பிப்ரவரி வரையிலான ஆமைப் பருவம் முழுவதும் கரையில் இரவு விளக்கும் வேண்டாம், கனரக வண்டியும் வேண்டாம். மேடுகளையும் ஆமைக் கூடுகளையும் ஆண்டுதோறும் எண்ணி, கணக்கைப் பொதுவில் வையுங்கள்.

இப்படிக்கு,
தீவுக் காடுகளையும் கடலாமைகளையும் ஆய்வு செய்வோர்