அரசன் இல்லாத நாடெல்லாம் குடியரசு ஆகாது

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு இதழில் உலகக் குடியரசுகள் பற்றி வெளிவந்த தொடர் கட்டுரையின் முதற் பகுதியை எங்கள் ஊர் வாசிகசாலையில் இருமுறை வாசித்தேன். உயர்தர வகுப்பு மாணவர் பலர் அதனை வெட்டி ஒட்டி வைத்திருப்பர் என்பதாலேயே இக்கடிதத்தை எழுதுகிறேன். குடியரசு என்பது பரம்பரை அரசன் இல்லாத ஆட்சி என்றும், இங்கிலாந்து 1649 முதல் 1660 வரை 11 ஆண்டுகள் அவ்வாறு இருந்து தோற்றுப் பழைய வழிக்கே திரும்பியதென்றும், அத்தோடு அச்சிந்தனையும் அங்கே அடங்கிப்போனதென்றும் கட்டுரையாளர் கூறுகிறார். ஆண்டுக்கணக்கு சரி, மற்ற இரண்டும் சரியல்ல.

1649 ஜனவரி 30 ஆம் திகதி இங்கிலாந்தின் அரசன் முதலாம் சாள்ஸ் இலண்டன் வைற்ஹோலில் தலை வெட்டப்பட்டு இறந்தான். மார்ச்சில் முடியாட்சியும் பிரபுக்கள் சபையும் சட்டத்தால் ஒழிக்கப்பட்டன. மே 19 இல் நாடு ஒரு 'கொமன்வெல்த்' என அறிவிக்கப்பட்டது. (அரசனை நீக்கிய நாட்டுக்கு அன்று இட்ட அதே பெயரைத்தான் இன்று நாம் பொதுநலவாயம் என்று எழுதுகிறோம், அதன் தலைவராக இங்கிலாந்தின் மன்னர் வீற்றிருக்கிறார். சொற்களுக்கும் ஊழ் உண்டு போலும்.) ஆனால் 1653 ஏப்ரல் 20 இல் படைத்தலைவர் ஒலிவர் குரொம்வெல் படைவீரரை உள்ளே அழைத்துப் பாராளுமன்றத்தைக் கலைத்து, சபையின் செங்கோலை விளையாட்டுச் சாமான் என்று இகழ்ந்து அகற்றுவித்து, அந்த டிசெம்பரில் 'காப்பாளர்' என்ற பட்டத்துடன் ஆட்சியை ஏற்றார். 1657 இல் பாராளுமன்றம் முடியை நீட்டியபோதும் அதை அவர் ஏற்கவில்லை. ஆகவே அரசன் இல்லை. கட்டுரையாளரின் இலக்கணப்படி இது குடியரசேதான். ஆயினும் சாள்சின் மரண ஆணையில் கையொப்பமிட்ட எட்மண்ட் லட்லோ போன்றவர்களே காப்பாளர் ஆட்சியை அங்கீகரிக்க மறுத்தார்கள். அவர்கள் எதை எதிர்த்தார்கள் என்று கேட்டால்தான் அவர்கள் நினைத்த குடியரசு எதுவென்று விளங்கும்.

அதன் வேர் உரோமச் சட்டத்தில் இருக்கிறது. அச்சட்டத் தொகுப்பு மனிதரைச் சுதந்திரர், அடிமைகள் என இரண்டாகப் பிரித்து, பிறரது அதிகாரத்துக்குள் இருப்பவர் என்று அடிமையை விளக்குகிறது. அடிக்கின்ற எசமானிடம் இருப்பவன்தான் அடிமை என்று அது சொல்லவில்லை. ஒருநாளும் கை ஓங்காத நல்லவனே எசமானாக வாய்த்தாலும், அவன் ஓங்க நினைத்தால் தடுப்பதற்கு ஒன்றுமில்லை என்றால், அவனை அண்டி வாழ்பவன் அடிமையே. உரோம வரலாற்றாசிரியர்களான லிவியையும் தசிட்டசையும் இலத்தீனிலேயே படித்து வளர்ந்த கவிஞர் ஜோன் மில்டன் போன்றவர்கள் இந்த அளவுகோலைத் தங்கள் அரசனுக்கு முன்னால் கொண்டுபோய் வைத்தார்கள். பாராளுமன்றம் நிறைவேற்றும் சட்டமூலம் எதையும் அரசன் தன் மறுப்புரிமையால் நிறுத்த முடியுமென்றால், அவன் அதை எத்தனை தடவை பயன்படுத்தினான் என்று எண்ணிப் பார்ப்பதில் பயனில்லை. அவ்வுரிமை அவன் கையில் இருக்கும்வரை நாட்டின் சட்டம் அவனது நல்ல மனத்தில் தங்கியிருக்கிறது என்பதே வாதம். குரொம்வெல்லின் வாளுக்கும் இதே வாதம் பொருந்தியது.

அக்கால மெய்யியலாளர் தொமஸ் ஹொப்ஸ் இதை ஏற்கவில்லை. 1651 இல் வெளியிட்ட 'லெவியதன்' நூலில் அவர் சற்று ஏளனத்துடன் ஓர் உதாரணம் தருகிறார். இத்தாலியிலுள்ள லூக்கா என்ற குடியரசு நகரின் கோபுரங்களில் 'சுதந்திரம்' என்று பெரிய எழுத்தில் பொறித்திருக்கிறது. ஆனால் அங்குள்ளவனுக்குக் கொன்ஸ்தாந்திநோப்பிளில் சுல்தானின் கீழ் வாழ்பவனைவிடக் கூடுதல் சுதந்திரம் உண்டென்று யாரும் அதிலிருந்து முடிவுகட்ட முடியாது. இருவருமே சட்டத்துக்குக் கட்டுப்பட்டவர்கள்தானே என்கிறார். ஐந்து ஆண்டுகளின் பின் 'ஓசியானா' என்ற நூலில் ஜேம்ஸ் ஹரிங்டன் இதற்குப் பதில் சொன்னார். சுல்தானின் கீழுள்ள மிகப் பெரிய பாஷாவுக்கும் (உயர் அதிகாரிக்கும்) தலையும் சொத்தும் சுல்தானின் விருப்பம் உள்ளவரைதான். லூக்காவில் சிறுதுண்டு நிலம் வைத்திருப்பவனைக்கூடச் சட்டம் தவிர வேறெதுவும் தொட முடியாது, அந்தச் சட்டமும் குடிமக்கள் எல்லோரும் தங்களைக் காப்பதற்கென்று ஆக்கியது என்றார். இந்தப் பதிலை ஒருவர் விளங்கிக்கொண்டால் ஆங்கிலக் குடியரசுச் சிந்தனையில் பாதியை விளங்கிக்கொண்டவராவார் என்பது என் எண்ணம்.

ஹரிங்டன் சிறையிருந்த சாள்சுக்குப் பணிவிடை செய்து அவனிடம் அன்பு கொண்டிருந்த மனிதர் என்பதும் கவனிக்கத்தக்கது. அரசன் வீழ்ந்ததற்கு அவர் யாரையும் பழிசொல்லவில்லை; காரணத்தை நில உடைமையில் தேடினார். ஏழாம் ஹென்றியின் சட்டங்கள் பிரபுக்களின் பிடியைத் தளர்த்தியதாலும், எட்டாம் ஹென்றி மடாலயங்களைக் கலைத்து அவற்றின் காணிகள் கைமாற விட்டதாலும், நாட்டின் நிலத்தில் பெரும்பகுதி சாதாரண உடைமையாளரிடம் போய்ச் சேர்ந்தது. நிலம் எங்கே போகிறதோ அதிகாரமும் அங்கே போகும்; ஆட்சி முன்பே உள்ளே உழுத்துப்போய்விட்டது, அரசனுக்கும் பாராளுமன்றத்துக்கும் நடந்த போர் அதன் விளைவு என்றார். வேலி ஒரு சாண் நகர்ந்ததற்காகத் தலைமுறை தலைமுறையாக வழக்காடும் நம்மூராருக்கு இந்த ஆய்வு விளங்காமற் போகாது. எனவே ஆண்டு வருமானம் 2000 பவுணுக்கு மேற்பட்ட நிலம் ஒருவரிடம் சேரக்கூடாது, பதவிகள் சுழற்சி முறையில் மாறவேண்டும், வாக்கு இரகசியமாக இருக்கவேண்டும் என அவர் திட்டமிட்டார். சபை இரண்டாக இருக்கவேண்டும் என்பதற்கு அவர் தந்த நியாயம் ஒரு பிள்ளைக் கதை: இரண்டு சிறுமிகளிடம் ஒரு கேக் இருந்தால் ஒருத்தி வெட்டட்டும், மற்றவள் முதலில் எடுக்கட்டும். ஒரு சபை விவாதித்து முன்மொழியும், மற்றது தெரிவுசெய்யும்.

1659 இன் இறுதியில் அவரும் நண்பர்களும் 'றோட்டா' என்ற கழகத்தை அமைத்து வெஸ்ற்மின்ஸ்ரரில் மைல்ஸ் என்பவரின் கோப்பிக் கடையில் இரவுதோறும் கூடினார்கள். நீள்வட்ட மேசையின் நடுவே மைல்ஸ் நின்று கோப்பி பரிமாற வழி விட்டிருந்ததாம். விவாதம் முடிந்ததும் வாக்குப் பெட்டி சுற்றிவரும். சில மாதங்களில் கொல்லப்பட்ட அரசனின் மகன் இரண்டாம் சாள்ஸ் நாடு திரும்ப, அந்த மேசை கலைந்தது. 1661 இல் ஹரிங்டன் சிறையிடப்பட்டார்.

இனிக் கட்டுரையாளரின் மற்றக் கூற்று. 1660 இல் அடங்கியது ஆட்சிதான், சிந்தனையல்ல. குடியரசுவாதியான அல்ஜெர்னன் சிட்னி 1683 டிசெம்பர் 7 இல் கொல்லப்பட்டார். தேசத்துரோக வழக்குக்கு இரு சாட்சிகள் வேண்டும், கிடைத்தவர் ஒருவர். இரண்டாவது சாட்சியாக அவரது வீட்டில் கைப்பற்றிய, அச்சேறாத கையெழுத்துப் பிரதியை நீதிமன்றம் ஏற்றது. மிக நல்ல, மிக மென்மையான மனிதருக்கு ஊழியம் செய்பவனும், மிகக் கொடியவனுக்குச் செய்பவனைப் போலவே அடிமைதான் என்று அதில் எழுதியிருந்தார். அந்தப் பிரதி 1698 இல் நூலானது. 1700 இல் ஜோன் டோலண்ட் ஹரிங்டனைப் பதிப்பித்தார். இரண்டும் அத்திலாந்திக்கைக் கடந்து அமெரிக்கக் குடியேற்றங்களுக்குப் போயின.

ஒரு பத்திரிகைக்கு எழுதும்போது சொல்லாமல் விடக்கூடாத செய்தி, இச்சிந்தனை பெருமளவு பத்திரிகையில் வளர்ந்தது என்பதாகும். 1650 இல் தொடங்கிய 'மேர்க்கூரியஸ் பொலிற்றிக்கஸ்' வார இதழின் ஆசிரிய உரைகளில்தான் மார்ச்சமொன்ட் நீடம் சுதந்திர அரசின் சிறப்பை வாரம் வாரமாக விளக்கினார். அவர் பாராளுமன்றத்துக்காக எழுதி, பிறகு அரசனுக்காக எழுதி, பிறகு குடியரசுக்காக எழுதியவர் என்பதை மறைக்க வேண்டியதில்லை. அவ்விதழுக்குச் சிலகாலம் அனுமதி வழங்கும் அதிகாரியாக இருந்தவர், அச்சுக்கு முன் அனுமதி கேட்பதை 1644 இல் கண்டித்து எழுதிய அதே மில்டன். பின்னர் 1720 முதல் ட்ரென்சார்ட், கோர்டன் இருவரும் 'கேட்டோ' என்ற புனைபெயரில் 'லண்டன் ஜேர்னல்' பத்திரிகைக்கு எழுதியவை கடிதங்களே. அரசாங்கம் பத்திரிகையை வாங்கிவிட, கடிதங்கள் வேறு பத்திரிகைக்கு இடம் மாறின.

இவர்களைப் புனிதராக்க நான் வரவில்லை. பிறர் விருப்பில் வாழ்வது அடிமைத்தனம் என்றவர்கள், அக்காரணத்தையே காட்டி வேலைக்காரரைக் குடிமக்கள் வரிசையிலிருந்து விலக்கினார்கள். பெண்கள் அவர்கள் கண்ணிற் படவேயில்லை. அரசனை நீக்கிய அதே 1649 இல் அவர்களது படை அயர்லாந்தின் ட்ரொஹெடாவில் சரணடைந்தவரையும் கொன்றது.

எனினும் அவர்கள் தந்த அளவுகோல் நமக்கு அந்நியமானதல்ல. பிரித்தானியர் இலங்கைக்கு அளித்த டொனமூர் யாப்பு வாக்குரிமையைத் தந்தும் பூரண சுயராச்சியத்தைத் தரவில்லை என்பதற்காக 1931 தேர்தலைப் பகிஷ்கரித்த யாழ்ப்பாண வாலிபர் காங்கிரசார், கருணையுள்ள எசமானும் எசமானே என்ற வாதத்தைத் தம் மொழியில் சொன்னவர்கள். 1972 மே 22 இல் நாம் குடியரசானோம் என்று மாணவர் ஒரே வரியில் எழுதிவிடுகிறார்கள். பிரித்தானிய அரசி போனபின் அவரது இடத்தில் இருந்த அதிகாரம் எங்கே போனது என்று கேட்டால் பேனை நின்றுவிடுகிறது.

தொடரின் அடுத்த பகுதி நெதர்லாந்து பற்றியது என்று அறிவித்துள்ளீர்கள். 1658 இல் யாழ்ப்பாணக் கோட்டையைப் போர்த்துக்கீசரிடமிருந்து கைப்பற்றியது அரசன் இல்லாத அந்தக் குடியரசின் கிழக்கிந்தியக் கொம்பனிதான். அதன் ஆட்சியில் 1707 இல் சட்டமாக்கப்பட்ட, யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காற்றுச் சட்டமான தேசவழமைத் தொகுப்பில் நம் ஊர் அடிமைகள் பற்றிய பகுதி ஒன்றும் இருக்கிறது. அதனையும் சேர்த்து எழுதும்படி கட்டுரையாளரைக் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர் ஒருவர்,
கோப்பாய்.