டைனோசருக்கு முந்தைய நத்தை

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு மாணவர் பக்கத்தில் மறுபடியும் டைனோசர். என் பேரன் படத்தை வெட்டி நோட்டில் ஒட்டிக்கொண்டான், சரி. ஆனால், "தாத்தா, நம்ம பக்கம் ஏன் ஒண்ணும் கிடைக்கல?" என்று கேட்டானே, அதற்குத்தான் இந்தக் கடிதம்.

நாங்கள் இருப்பது சுங்கை சிப்புட். மலாயில் ஊர்ப் பெயரே நத்தை ஆறு! ஈப்போ தாண்டிக் கம்பார் போனால், டைனோசர்களுக்கும் முந்தைய கடல் நத்தைகள் கிடைத்த இடம் இருக்கிறது. அங்கே ஓர் ஈயலம்பத்தின் (வெள்ளீயச் சுரங்கத்தின்) சுண்ணாம்புப் பாறையில் இருந்தவை அவை. ரோஜர் பேட்டன் என்ற அமெரிக்க ஆய்வாளர் அவற்றைப் பற்றிய முதல் பகுதியை 1972இல் வெளியிட்டார். பெர்மியன் காலத்தவை, வயது 25 கோடி ஆண்டுக்கும் மேல்.

அவற்றில் எனக்குப் பிடித்தது பெல்லரோஃபோன் வகை. சாதாரண நத்தை ஓடு ஒரு பக்கமாக முறுக்கிக்கொண்டு கோபுரம் போல எழும்பும். இது அப்படியில்லை. மழை நாளில் ரப்பர் மரத்தடியில் தொட்டதும் சுருளுமே மரவட்டை, அந்தச் சுருள்தான். இடமும் வலமும் ஒன்றுபோல இருக்கும். இதனாலேயே இது நத்தைதானா என்று அறிஞர்கள் நெடுநாள் சண்டை போட்டார்கள். பெர்மியன் முடிவில் கடலுயிர்கள் பெரும்பாலும் அழிந்தபோது இந்த வகையில் சில தப்பின. அவையும் அடுத்து வந்த ட்ரையாசிக் காலத்தின் தொடக்கத்தோடு சரி.

ஈப்போவும் கம்பாரும் இருக்கிற, மலை மலையாகச் சுண்ணாம்புக் கல் நிற்கிற கிந்தா பள்ளத்தாக்கில், பிறகு ஏன் எங்கு பார்த்தாலும் இவை இல்லை? பூமிக்கடியிலிருந்து மேலேறிய கருங்கல் குழம்பு, பெரும்பாலான சுண்ணாம்பை வேகவைத்துப் பளிங்காக்கிவிட்டது. ஓடுகளின் வடிவம் அதில் அழிந்துபோனது. ஈயத்தைக் கொண்டுவந்ததும் அதே கருங்கல்தான். அந்த ஈயத்துக்காகத் தோண்டியபோதுதான், வேகாமல் தப்பிய கம்பார் மூலை வெளியே வந்தது.

இதைச் சொன்னதும் பேரன் எங்கள் வாசற்படிக் கல்லில் தண்ணீர் ஊற்றி, பழைய பல் பிரஷ்ஷால் தேய்த்துத் தேடினான். வெள்ளைப் பளிங்கு; சீனி மாதிரி மின்னியது, அவ்வளவுதான்.

கிந்தா பள்ளத்தாக்கு 2018இல் தேசிய ஜியோபார்க் (நிலவியல் பூங்கா) ஆனது. நம் பிள்ளைகள் சுற்றுலாவில் குகையைப் பார்த்துக் கத்திவிட்டு, எதிரொலி கேட்டு பஸ் ஏறி வந்துவிடுகிறார்கள். அந்தக் கல் ஒரு காலத்தில் கடலடி என்று யாராவது சொல்லக் கூடாதா? முதலில் நீங்கள் எழுதுங்கள், நத்தைப் படத்தோடு. படம் கொஞ்சம் பெரிதாக இருக்கட்டும். நோட்டில் டைனோசருக்குப் பக்கத்தில் இடம் விட்டு வைத்திருக்கிறான்.

இப்படிக்கு,
ஒரு தாத்தா,
சுங்கை சிப்புட், பேராக்.