செயலாளரின் ஆண்டறிக்கை: கிங்ஸ்டனைப் படித்த ஆண்டு

தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

அடிலெய்டில் குடியிருக்கும் நாம், இந்த ஊரின் வரலாற்றிலிருந்து ஆண்டுக்கு ஒருவரை எடுத்துப் படித்து வருகிறோம். இந்த ஆண்டு சார்லஸ் கேமரன் கிங்ஸ்டன். மாதக் கூட்டங்கள் தடையில்லாமல் நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் தனியே வைப்பார். அதனால் நாம் படித்ததைப் பற்றியே சொல்கிறேன்.

கிங்ஸ்டன் 1850இல் அடிலெய்டில் பிறந்தவர். சாமுவேல் வேயிடம் தொழில் பழகி 1873இல் வழக்கறிஞரானார். 1881இல் மேற்கு அடிலெய்டின் சட்டமன்ற உறுப்பினர், அப்புறம் இரண்டு முறை அட்டர்னி ஜெனரல், 1893 ஜூன் முதல் 1899 டிசம்பர் வரை தெற்கு ஆஸ்திரேலியாவின் பிரீமியர், அதாவது அரசின் தலைவர்.

விக்டோரியா சதுக்கத்துக்குப் போன அன்றுதான் உறுப்பினர்களுக்கு இவர் மேல் உண்மையான ஆர்வம் வந்தது. 1892 டிசம்பரில், தன்னைக் கடுமையாகத் தாக்கிப் பேசிய அரசியல்வாதி ரிச்சர்ட் பேக்கருக்குத் துப்பாக்கி ஒன்றை அனுப்பி, நேருக்கு நேர் சுட்டு மோத இதே சதுக்கத்துக்கு வரச் சொன்னார் கிங்ஸ்டன். பேக்கர் போலீசுக்குத் தகவல் கொடுத்துவிட, குண்டு நிரப்பிய ரிவால்வரோடு கிங்ஸ்டன் கைதானார். ஓராண்டு அமைதி காக்க வேண்டும் என்று நீதிமன்றம் பிணை எழுதி வாங்கியது. அந்தப் பிணை முடியும் முன்பே அவர் பிரீமியர் ஆகிவிட்டார்! 1916இல் அவருக்குச் சிலை வைத்ததும் அதே சதுக்கத்தில்தான்.

பெண்கள் வாக்குரிமைக்குத்தான் அதிக நேரம் கொடுத்தோம். கிங்ஸ்டன் முதலில் அதை எதிர்த்தவர். மேரி லீயும் தோழியரும் ஆண்டுக்கணக்கில் போராடி, சுமார் 11,600 கையெழுத்துகளைத் திரட்டினார்கள். தாள்களை ஒட்டிச் சுருட்டிய அந்த மனுவின் நீளம் ஏறத்தாழ 122 மீட்டர். 1894 டிசம்பர் 18 அன்று கிங்ஸ்டன் அரசின் மசோதா நிறைவேறியது. பெண்கள் தேர்தலில் நிற்கவும் வழிவிட்டால் மசோதா தோற்கும் என்று எண்ணி எதிர்ப்பாளர் ஒருவர் சேர்த்த திருத்தமும் கூடவே சட்டமானது. இந்தச் சாதனையில் பெரும்பங்கு அந்தப் பெண்களுடையது என்பது என் உறுதியான கருத்து. மனம் மாறிச் சட்டமாக்கிய பெருமை கிங்ஸ்டனுக்கு உண்டு.

தொழிலாளர் தகராறுகளைப் பேசித் தீர்க்க ஒரு சட்ட ஏற்பாடு வேண்டும் என்பதில் அவர் கடைசிவரை உறுதியாக இருந்தார். ஆஸ்திரேலியக் கூட்டாட்சியின் முதல் வணிக, சுங்க அமைச்சராக இருந்தபோது, வெளிநாட்டுக் கப்பல் மாலுமிகளையும் இதற்கான மசோதாவுக்குள் கொண்டுவர அமைச்சரவை சம்மதிக்கவில்லை. 1903 ஜூலையில் பதவியை விட்டார். 1908இல் காலமானார்.

இவ்வளவையும் பாராட்டிவிட்டு, அடுத்ததைப் பேசாமல் விட முடியாது. சீனர் வருகையைத் தடுக்க 1888இல் சிட்னியில் நடந்த மாநாட்டில் கிங்ஸ்டன் தெற்கு ஆஸ்திரேலியாவின் பிரதிநிதி. 1901இன் குடியேற்றத் தடைச் சட்டமும், ஆசியர்களையும் பழங்குடி மக்களையும் பெரும்பாலும் வாக்காளர் பட்டியலுக்கு வெளியே நிறுத்திய 1902ஆம் ஆண்டுச் சட்டமும் அவர் அங்கம் வகித்த அமைச்சரவையின் காலத்தவை. 1894 சட்டத்தால் பழங்குடிப் பெண்களுக்கும் வாக்குரிமை இருந்தது என்பதால் இது இன்னும் வலிக்கிறது. ஆசியர்களான நம்மைப் போன்றோர் அன்று இங்கே காலூன்றியிருக்கவே முடியாது. இதைப் பேசிய கூட்டத்தில் குரல்கள் உயர்ந்தன. அப்படியானால் எதற்கு இவரைப் படிக்க வேண்டும் என்று சிலர் கேட்டார்கள். இந்த ஊரில் வரி கட்டி, வாக்களித்து, பிள்ளைகளை வளர்க்கும் நாம் இரண்டையும் தெரிந்து வைத்திருக்க வேண்டும் என்பதே என் பதில். சரி, சிலையருகே நாம் நடத்தும் வரலாற்று நடையில் இனி இரண்டு பக்கத்தையும் சொல்வது என்று முடிவானது. வழிகாட்டும் உறுப்பினர்கள் இதை மறக்காமல் கடைப்பிடிக்கக் கேட்டுக்கொள்கிறேன்.

வரும் ஆண்டுக்குக் கேத்தரின் ஹெலன் ஸ்பென்ஸை முன்மொழிகிறேன். 1897இல், கூட்டாட்சிக்கான அரசியலமைப்பை வகுக்கும் மாநாட்டுக்கு நடந்த தேர்தலில் நின்ற பெண்மணி அவர்; வெற்றி கிட்டவில்லை. அதே தேர்தலில் வென்ற கிங்ஸ்டன் மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். இந்த முன்மொழிவையும் அறிக்கையையும் அவை ஏற்றுக்கொள்ளுமாறு வேண்டுகிறேன்.

செயலாளர்