ஒன்றுக்கு இரண்டாக இருந்த கேசட்டுகள்

அன்புள்ள நண்பா,

வணக்கம். உன் கடிதம் கிடைத்தது. கையடக்க விளையாட்டுக் கருவியான கேம் பாயின் கேசட்டுகளை ஒழுங்குபடுத்தத் தொடங்கிவிட்டு, ஒன்றுக்கு இரண்டாக இருப்பவற்றில் எதை வைத்துக்கொள்வது, எதைக் கழிப்பது என்று தெரியாமல் பாதியில் நிற்பதாக எழுதியிருந்தாய். நான் அந்த வேலையை ஒருவழியாக முடித்துவிட்டேன். முடித்தேன் என்பதைவிட, மூன்று முறை அடுக்கி மூன்று முறை கலைத்தேன் என்பதே உண்மை.

முதல் தடவை விளையாட்டின் பெயரை வைத்து அகர வரிசையில் பட்டியல் போட்டேன். அங்கேதான் ஏமாந்தேன். 1991இல் வந்த 'ஃபைனல் ஃபேன்டஸி அட்வென்ச்சர்' ஒரு பெட்டியிலும் 'மிஸ்டிக் குவெஸ்ட்' வேறொரு பெட்டியிலும் போய் உட்கார்ந்தன. இரண்டும் ஒரே விளையாட்டு. முன்னது வட அமெரிக்கப் பெயர், பின்னது ஐரோப்பியப் பெயர், பிறந்த இடமான ஜப்பானில் அதற்கு 'செய்கென் டென்செட்சு' என்று மூன்றாவது பெயரும் உண்டு. கேம் பாயில் நாட்டுக்கு நாடு பூட்டு எதுவும் இல்லாததால் எந்த நாட்டுக் கேசட்டும் எந்தக் கருவியிலும் ஓடும் என்பது விளையாடுகிறவனுக்கு வசதி, பட்டியல் போடுகிறவனுக்குத் தலைவலி. முடிவில், படிக்க முடிகிற மொழியில் ஒன்று போதும் என்று வைத்துக்கொண்டேன். உறையின் ஓவியத்துக்காக மூன்றையும் வைத்திருப்பவர்களோடு எனக்குச் சண்டை இல்லை.

இதற்கு நேர் எதிரான குழப்பமும் உண்டு. 'லிங்க்ஸ் அவேக்கனிங்' என்ற விளையாட்டு 1993இல் சாம்பல் நிறக் கேசட்டில் வந்தது. 1998இல் வண்ணம் சேர்த்து, 'டிஎக்ஸ்' என்ற ஒட்டுடன் கறுப்புக் கேசட்டில் மறுபடி வந்தது. கறுப்புக் கேசட் பழைய கேம் பாயிலும் ஓடும் என்பதால் சாம்பலைக் கழித்துவிடலாம் என்றுதான் எனக்கும் தோன்றியது. ஆனால் ஒரு திரையிலிருந்து அடுத்த திரைக்கு நகரும் அதே நொடியில் செலக்ட் பொத்தானை அழுத்தி, தாண்டக் கூடாத இடங்களுக்கெல்லாம் தாவும் அந்தத் திருட்டு வித்தை உனக்கு நினைவிருக்கும். அது தொடக்கத்தில் வெளியான சாம்பல் கேசட்டில்தான் பலிக்கும். பின்னால் வந்த திருத்தத்தில் அந்த ஓட்டையை அடைத்துவிட்டார்கள், டிஎக்ஸிலும் அது கிடையாது. ஆகவே, உள்ளே இருக்கும் நிரல் ஒன்றாக இருந்தால் மட்டுமே இரண்டு கேசட்டுகளை இரட்டை என்று சொல்லலாம். மேலே இருக்கும் பெயரும் படமும் சாட்சி ஆகா.

நிரலை எப்படி அடையாளம் காண்பது என்பதற்கு வருகிறேன். லேபிளின் ஓரத்தில் 'டிஎம்ஜி' என்று தொடங்கும் குறியீடு இருக்கும். டெட்ரிஸின் அமெரிக்கக் கேசட்டில் அது 'டிஎம்ஜி-டிஆர்-யுஎஸ்ஏ'. நடுப்பகுதி விளையாட்டையும் கடைசிப் பகுதி வட்டாரத்தையும் சொல்லும். அதைவிட நுட்பமானது, மை இல்லாமல் லேபிளில் அழுத்திப் பதித்த இரண்டு இலக்கங்கள். நேராகப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. விளக்கொளியில் சாய்த்துப் பிடித்தால் நிழல் விழுந்து எண் எழும்பி நிற்கும். அந்த எண்ணுக்குப் பின்னால் 'ஏ' என்ற எழுத்தும் இருந்தால் அது முதல் திருத்தம். இந்த அழுத்தமே இல்லாத இரண்டு கேசட்டுகளைச் சந்தேகப்பட்டுத் திறந்தேன், இரண்டும் போலி.

சந்தேகம் தீராதவற்றைக் கணினியோடு இணைக்கும் ரீடரில் செருகி, நிரலை நகலெடுத்து, அதன் சிஆர்சி எண்ணை, அதாவது நிரல் முழுவதையும் வைத்துக் கணக்கிடும் சரிபார்ப்பு எண்ணை, எடுத்தேன். எட்டு இலக்கமும் ஒத்துப்போனால் விவாதத்துக்கு இடமில்லை. இப்போது என் பட்டியலில் ஒரு விளையாட்டுக்கு ஒரு வரி என்பதை மாற்றி, ஒரு கேசட்டுக்கு ஒரு வரி என்று வைத்திருக்கிறேன். பெயர், குறியீடு, அழுத்த எண், சிஆர்சி, பேட்டரியின் நிலை என்று ஐந்தே கட்டங்கள்.

அந்த ஐந்தாவது கட்டத்தை அலட்சியம் செய்யாதே. நாம் சேமித்த ஆட்டம் உள்ளேயிருக்கும் நாணய அளவு பேட்டரியின் தயவில்தான் உயிரோடு இருக்கிறது; அதைக் கழற்றினாலும் அது தீர்ந்தாலும் எல்லாம் அழிந்துவிடும். ஒரே நிரல் கொண்ட இரண்டு கேசட்டுகளில் லேபிள் கிழிந்ததைக் கழிப்பதுதான் இயல்பு. நானும் அப்படித்தான் ஒரு 'போகிமான் ரெட்' கேசட்டைக் கழிக்கும் பெட்டியில் போட்டுவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று ஒருமுறை போட்டுப் பார்த்தேன். தொடர்ந்து ஆடுவதற்கான முதல் திரையில் ஆட்டக்காரர் பெயராக உன் பெயர் நின்றது. எப்போது இரவல் வாங்கினேன் என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை. சேமிப்பை நகலெடுத்து வைத்துவிட்டேன். கேசட்டைப் பொதியில் கட்டி இந்தக் கடிதத்தோடு அனுப்புகிறேன்.

பதிலுக்கு ஓர் உதவி. உன்னுடைய சாம்பல் நிற 'லிங்க்ஸ் அவேக்கனிங்' கேசட்டை விளக்கின் கீழ் சாய்த்துப் பார்த்து, இலக்கங்களுக்குப் பின்னால் எழுத்து ஏதும் இருக்கிறதா என்று எழுது. என்னுடையதில் இல்லை. உன்னுடையதில் இருந்தால் நம் இருவரிடமும் இருப்பது வெவ்வேறு கேசட். இல்லையென்றால் அந்தத் திருட்டு வித்தை உன் கேசட்டிலும் பலிக்கிறதா என்று பார்த்துச் சொல்.

அன்புடன்,
உன் பழைய கூட்டாளி