அள்ளும் மணலை எங்கள் கரையில் கொட்டுங்கள்

கடற்றொழிலுக்கும் கரையோரப் பாதுகாப்புக்கும் துறைமுகத்துக்கும் பொறுப்பான மதிப்பிற்குரிய அதிகாரிகளுக்கு,

கிழக்கிலங்கையின் ஒலுவில் துறைமுகத்துக்கு வடக்கே கரைவலை இழுத்துப் பிழைக்கும் குடும்பமொன்றிலிருந்து எழுதுகிறேன். டென்மார்க் கடனுதவியில் கட்டி 2013ஆம் ஆண்டு திறக்கப்பட்ட துறைமுகத்தின் கதை தங்களுக்குத் தெரிந்ததே. தெற்கிலிருந்து கரையோரமாக வடக்கே நகரும் மணலை அலைதடுப்புக் கற்சுவர்கள் மறித்துவிடுவதால் துறைமுக வாயில் தூர்ந்துபோகிறது. எங்கள் கரையோ கடலுக்குள் போகிறது.

சென்ற வாரம் விடியற்காலையில் வளைத்த வலை, கரைசேர முப்பது பாகத் தூரம் (ஒரு பாகம் ஏறத்தாழ ஆறடி) இருக்கையில் தட்டி நின்றது. ஒருகாலத்தில் தென்னந்தோப்பில் நின்று, இப்போது கடலுக்குள் கிடக்கும் அடிக்கட்டையொன்றில் வலையின் மீன் சேரும் மடி மாட்டியிருந்தது. இருவர் மூழ்கி எடுப்பதற்குள் மடி கிழிந்து கீரிமீனும் நெத்தலியும் போய்விட்டன. இரண்டு கயிற்றிலும் நின்று இழுத்த இருபத்திரண்டு பேருக்கும் பங்கு பிரிக்க எதுவுமில்லை. கறிக்கென்று கொண்டுவந்த பையைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொருவராக வீட்டுக்குப் போனதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். முன்பு கயிற்றைப் பிடித்துப் பின்னோக்கி நடக்க அகலமான மணற்கரை இருந்தது. இன்று அரிப்பைத் தடுக்கப் போட்ட கருங்கற்களின் மேல் நின்றே இழுக்கிறோம்; கால் வழுக்கினால் முழங்கால் பிளக்கிறது.

ஆகவே நாங்கள் கேட்பது இதுதான்: தூர்ந்த துறைமுக வாயிலைத் திறக்க அள்ளும் மணலை வடக்குக் கரையில் கொட்டுங்கள். ஒருமுறை கொட்டிவிட்டு நிறுத்திவிடாமல், கடல் ஆண்டுதோறும் மணலைக் கொண்டுவருவதால் ஆண்டுதோறும் கொட்டுங்கள்.

வாயிலைத் திறக்கச் சொல்லும் படகுக்காரரையும் கரையைக் கேட்கும் எங்களையும் எதிரெதிர்த் தரப்புகளாக வைத்துப் பேசுவது மிகுந்த வேதனை தருகிறது. அவர்களுக்கு இடைஞ்சலாகக் கிடக்கும் மணலும் எங்களுக்கு இல்லாமற்போன மணலும் ஒன்றே. 2022 ஆகஸ்டில் மண்ணெண்ணெய் விலை லீற்றருக்கு 87 ரூபாயிலிருந்து 340 ரூபாயாக ஏறி, இயந்திரத் தோணிகள் முடங்கிக் கிடந்த நாட்களிலும் நாங்கள் துடுப்பு வலித்தே வலை வளைத்தோம். எண்ணெய் இல்லாமலும் நடக்கக்கூடிய இத்தொழில், கரை இல்லாமல் நடக்காது. இதை எத்தனை தடவை, எத்தனை மேசைகளுக்கு முன்னால் நின்று சொல்வது?

பேச்சின் வேகத்தைப் பொறுத்தருள வேண்டும். வாடைக்காற்று எழுமுன் ஒருநாள் விடியலில் வலை இழுக்கும் நேரம் பார்த்து எங்கள் கரைக்கு வாருங்கள். அள்ளும் மணல் எங்கே, எப்போது கொட்டப்படும் என்பதை எழுத்தில் அறியத்தருமாறு பணிவுடன் வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
கரைவலைத் தொழிலாளி ஒருவர்,
ஒலுவில்